வெயிலைத் தேக்கிய வரலாறு

மழைநீரைத் தேக்கி வைக்க மனிதன் மிகப் பழங்காலத்திலேயே கற்றுக்கொண்டான். ஏரி வெட்டினான், கரை கட்டினான், மதகு வைத்தான். ஆனால் வெயிலைத் தேக்கி வைக்க அவனுக்கு நெடுங்காலம் தெரியவில்லை. வெயிலில் நெல்லைக் காய வைத்தான், மீனை உணக்கினான், உப்பை விளைவித்தான். கதிரவன் மறைந்த பின்னரோ, பகலெல்லாம் கொட்டிய அந்த ஆற்றலில் ஒரு துளியையும் இரவு விளக்குக்கு எடுத்து வைத்துக்கொள்ள அவனால் இயலவில்லை.

இன்று அது எளிய செயலாகிவிட்டது. கூரைமேல் ஒரு கண்ணாடிப் பலகை, வீட்டினுள் ஒரு சேமக்கலம், இரண்டுக்கும் இடையே ஒரு சிறு பெட்டி. இவை போதும், பகலின் ஒளி இரவின் விளக்காகிறது. இந்த ஏற்பாட்டைப் பற்றிப் பேசுவோர் பெரும்பாலும் கூரைமேல் உள்ள பலகையையே புகழ்வர். உண்மையில் இது மூன்று கலைகளின் கூட்டு. வெயிலை மின்சாரமாக்குவது ஒரு கலை. மின்சாரத்தைத் தேக்குவது மற்றொரு கலை. முறையறிந்து ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு மின்சாரத்தைச் செலுத்துவது மூன்றாவது கலை. முன்னிரண்டும் பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே பிறந்துவிட்டன. மூன்றாவது பிறந்து வளர்ந்த கதையே இங்குக் கூறப்படுவது.

ஒரே நகரில் பிறந்த இரண்டு

1839-ஆம் ஆண்டில் பிரெஞ்சு அறிஞர் எட்மண்டு பெக்கெரல் என்பார் பத்தொன்பது வயது இளைஞர். அமிலக் கரைசலில் அமிழ்த்திய இரு உலோகத் தகடுகளுள் ஒன்றன்மேல் ஒளி படும்போது சிறிது மின்னோட்டம் எழுவதை அவர் கண்டார். ஒளியிலிருந்து நேரே மின்சாரம் பெறலாம் என்பதற்கு உலகம் பெற்ற முதற்சான்று அதுவே.

பின்னாளில் பெக்கெரல் பாரிஸ் நகரின் தொழிற்கலைக் கழகத்தில் பேராசிரியராய் இருந்தபோது, அவரிடம் உதவியாளராகப் பணி செய்தவர் காஸ்டன் பிளாந்தே. இவரே 1859-இல் ஈயச் சேமக்கலத்தை ஆக்கியவர். இரு ஈயத் தகடுகளை ஒன்றையொன்று தொடாதபடி சேர்த்துச் சுருட்டி, நீர்த்த கந்தக அமிலத்தில் வைத்தார். அதனுள் மின்சாரத்தைச் செலுத்தினால் ஒரு தகட்டின்மேல் ஈய ஆக்சைடு படிந்தது. செலுத்துவதை நிறுத்தி, இரு தகடுகளையும் கம்பியால் இணைத்தால், உள்ளே சென்ற ஆற்றல் மின்சாரமாகவே திரும்பி வந்தது. அதுவரை இருந்த மின்கலங்கள் ஒருமுறை தீர்ந்தால் தீர்ந்தவைதாம். பிளாந்தேயின் கலமோ தீர்ந்தபின் மீண்டும் நிரப்பத்தக்கதாயிற்று. 1881-இல் கமில் ஃபோர் என்பவர் தகடுகளின்மேல் ஈய ஆக்சைடுப் பசையைப் பூசும் முறையைக் கண்டார். கலத்தின் கொள்ளளவு பன்மடங்கு பெருகியது. இன்றும் மோட்டார் வண்டிகளில் இருப்பது இக்குடும்பத்தைச் சேர்ந்த கலமே.

ஒளி மின்சாரமாகும் என்று கண்டவரும், மின்சாரத்தைத் தேக்கலாம் என்று கண்டவரும் ஒரே நிலையத்தில் ஆசிரியரும் உதவியாளருமாய் இருந்தனர். ஆயினும் அவ்விரு கண்டுபிடிப்புகளும் கைகோக்க ஒரு நூற்றாண்டு ஆயிற்று. பெக்கெரல் கண்ட மின்னோட்டம் அவ்வளவு மெலிந்ததாய் இருந்தமையே காரணம்.

செலினியம் காட்டிய கனவு

1873-இல் ஆங்கிலப் பொறியாளர் வில்லோபி ஸ்மித் கடலடித் தந்திக் கம்பிகளைச் சோதிக்கச் செலினியக் கோல்களைக் கையாண்டார். வெளிச்சம் படும்போது அவற்றின் மின்தடை மாறுவதைக் கண்டு வியந்தார். 1876-இல் ஆடம்ஸ், டே என்னும் இரு ஆங்கில அறிஞர்கள், ஒளி பட்டவுடன் செலினியமே மின்சாரத்தைத் தோற்றுவிப்பதை மெய்ப்பித்தனர். நீர்மம் எதுவுமின்றி, திடப்பொருள் ஒன்றே ஒளியை மின்சாரமாக்கும் என்பது அன்று புதுமை.

நியூயார்க்கைச் சேர்ந்த சார்லஸ் ஃபிரிட்ஸ் இதனை மேலும் வளர்த்தார். 1883-இல் செலினியப் படலத்தின்மேல் ஒளி ஊடுருவும் அளவு மெல்லிய பொன் தகட்டைப் பரப்பி, முதல் சூரியப் பலகையை அவர் ஆக்கினார். அதன் மாதிரி ஜெர்மனியில் வெர்னர் சீமென்ஸ் கைக்குச் சென்றது. அவர் 1885-இல் பிரஷ்ய அறிவியற் கழகத்தில் அதைப் பற்றி எடுத்துரைத்தார். ஃபிரிட்ஸின் எழுத்தில் நினைவில் நிறுத்தத்தக்க கருத்து ஒன்று உண்டு. இவ்வாறு பெறும் மின்சாரம் உடனே வேண்டாவிடின் அதனைச் சேமக்கலங்களில் தேக்கி வைக்கலாம் என்று அன்றே அவர் குறித்திருந்தார்.

கருத்து சரியானது, கருவிதான் போதவில்லை. தன்மேல் பட்ட ஒளியில் நூற்றில் ஒரு பங்கைக்கூட அப்பலகை மின்சாரமாக்கவில்லை. அதே நியூயார்க் நகரில் 1882-இல் எடிசன் பேர்ல் தெருவில் நிலக்கரியால் இயங்கும் மின்நிலையத்தைத் திறந்துவிட்டார். கரியின் வலிமைக்கு முன் செலினியம் நிற்க முடியவில்லை.

வேறொரு வழியையும் சிலர் முயன்றனர். இருவேறு உலோகங்களின் இணைப்பைச் சூடாக்கினால் மின்சாரம் எழும். வெயிலின் ஒளியை விட்டு அதன் வெப்பத்தைக் கொண்டு இவ்வாறு மின்சாரம் பெற்றுச் சேமக்கலத்தில் நிரப்ப, எட்வர்டு வெஸ்டன் 1888-இல் அமெரிக்காவில் காப்புரிமை பெற்றார். ஜார்ஜ் கோவ் என்பவர் இத்தகைய பலகையை நியூயார்க்கில் கூரைமேல் வைத்துச் சேமக்கலங்களை நிரப்பிக் காட்டிய செய்தி 1909-இல் அறிவியல் இதழ்களில் வெளிவந்தது. அம்முயற்சியும் வேரூன்றவில்லை.

புழுக்கத்தில் பிறந்த தேவை

திருப்பம் சிலிக்கனால் வந்தது. 1940-இல் அமெரிக்காவின் பெல் ஆய்வுக்கூடத்தில் ரசல் ஓல் என்பவர் சோதித்த ஒரு சிலிக்கன் துண்டு, விளக்கொளி பட்டவுடன் எதிர்பாராத அளவு மின்சாரம் தந்தது. அத்துண்டில் இருவகை மாசுகள் இரு பகுதிகளாகப் பிரிந்து அமைந்திருந்தமையும், அவை கூடும் எல்லையே ஒளியை மின்சாரமாக்கியமையும் பின்னர்த் தெளிவாயின.

அதே ஆய்வுக்கூடத்தில் 1950-களின் தொடக்கத்தில் டாரில் சேப்பின் என்னும் பொறியாளரிடம் ஒரு சிக்கல் ஒப்படைக்கப்பட்டது. மின்கம்பி செல்லாத தொலைவிடங்களில் தொலைபேசிக் கருவிகள் உலர்கலங்களைக் கொண்டே இயங்கின. வெப்பமும் ஈரமும் மிகுந்த நாடுகளில் அக்கலங்கள் விரைவில் கெட்டன. அப்புழுக்கம் எத்தகையது என்று மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் வாழ்வோர்க்கு விளக்க வேண்டுவதில்லை. கெடாத மின்னூற்று ஒன்றைத் தேடிய சேப்பின், முதலில் செலினியத்தைச் சோதித்தார். பயன் நூற்றுக்கு ஒன்றும் தேறவில்லை. அப்போது உடன் பணியாற்றிய ஜெரால்டு பியர்சன் தாம் செய்த சிலிக்கன் கலம் ஒன்றைக் கொடுத்தார். அது நூற்றுக்கு 2.3 பங்கு தந்தது. கால்வின் ஃபுல்லர் என்னும் வேதியியலார் சிலிக்கனுள் மாசுகளை அளவறிந்து புகுத்தும் முறையைச் செம்மை செய்தார். மூவர் உழைப்பும் சேர்ந்து நூற்றுக்கு ஏறத்தாழ 6 பங்கு என்னும் நிலையை எட்டின. 1954-ஆம் ஆண்டு ஏப்ரல் 25-ஆம் நாள் உலகுக்கு அது அறிவிக்கப்பட்டது.

அடுத்த ஆண்டு அக்டோபர் 4-ஆம் நாள் ஜார்ஜியா மாநிலத்தின் அமெரிக்கஸ் என்னும் ஊரில் தேர்வு நடந்தது. தொலைபேசிக் கம்பத்தின்மேல் 432 சிலிக்கன் கலங்கள் கொண்ட பலகை ஏற்றப்பட்டது. பகலில் அது தொலைபேசிக்கு மின்சாரம் தந்ததோடு, மிஞ்சியதைச் சேமக்கலத்தில் நிரப்பியது. இரவிலும் மேகமூட்டத்திலும் சேமக்கலம் பணி செய்தது. ஃபிரிட்ஸ் எழுதி வைத்த கருத்து எழுபது ஆண்டுகளுக்குப்பின் மெய்யாயிற்று.

ஆனால் சேப்பின் கணக்குப் பார்த்தார். ஒரு வாட் மின்சாரம் தரும் கலத்துக்கு அன்று 286 டாலர் விலை. ஒரு வீட்டுக்கு வேண்டிய மின்சாரத்தை இவ்வகையில் பெறப் பதினான்கு இலட்சம் டாலருக்கு மேல் ஆகும் என்று தெரிந்தது. சில மாதங்களில் அத்தேர்வு முடிவுக்கு வந்தது. வெப்ப நாடுகளின் தேவைக்காகத் தொடங்கிய கண்டுபிடிப்பு, அந்நாடுகளுக்கு எட்டாத விலையில் நின்றுபோயிற்று.

விண்வெளி தந்த பயிற்சி

விலை ஒரு பொருட்டல்லாத இடம் ஒன்று அப்போது திறந்தது. 1957 அக்டோபர் 4-ஆம் நாள் சோவியத் நாடு ஏவிய முதல் ஸ்புட்னிக், வெள்ளி-துத்தநாகக் கலங்களையே சுமந்து சென்றது. மூன்று வாரங்களில் கலங்கள் தீர்ந்தன, குரலும் நின்றது. 1958 மார்ச்சில் அமெரிக்கா ஏவிய வான்கார்டு, சிறு சூரியக் கலங்களைப் பெற்றிருந்ததால் 1964 வரை ஒலி அனுப்பியது. ஆயினும் அக்கலங்கள் நேரே வானொலிக் கருவிக்கே மின்சாரம் தந்தன. பூமியின் நிழலில் நுழைந்தபோதெல்லாம் அது வாய் மூடியது.

தேக்கும் ஏற்பாடு 1959 ஆகஸ்டில் சென்ற எக்ஸ்புளோரர் ஆறாம் கோளில் இடம்பெற்றது. நான்கு துடுப்புகள் போல விரியும் பலகைகள் சேமக்கலங்களை நிரப்பின. அவற்றுள் ஒன்று முழுமையாக விரியவில்லை, ஆற்றல் குறைந்தது. 1962-இல் வானொலி, தொலைக்காட்சிச் செய்திகளைக் கடல் கடந்து அனுப்பிய டெல்ஸ்டார் கோளில் 3,600 சூரியக் கலங்களும், நிக்கல்-காட்மியச் சேமக்கலங்கள் 19-உம் இருந்தன. நிக்கல்-காட்மியக் கலம் ஸ்வீடன் நாட்டு வால்டெமார் யுங்னர் 1899-இல் கண்டது.

பூமிக்கு அண்மையில் சுற்றும் கோள் ஏறத்தாழ ஒன்றரை மணிக்கொருமுறை உலகைச் சுற்றிவிடும். அதனால் நாளொன்றுக்குப் பதினைந்து பதினாறு முறை பகலும் இரவும் மாறி வரும். அத்தனை முறையும் சேமக்கலம் நிரம்பி, வடிய வேண்டும். பழுது பார்க்க அங்கே ஆள் இல்லை. அளவுக்கு மீறி நிரப்பினாலும் கேடு; அளவுக்கு மீறி வடித்தாலும் கேடு. எனவே காவற்கருவியைப் பற்றிப் பொறியாளர்கள் ஆழ்ந்து எண்ண வேண்டியவராயினர். மூன்றாவது கலை இங்கேதான் வளர்ந்தது.

ஏரியும் கலிங்கும்

அக்கலையின் முறைகளை விளக்கத் தமிழர்க்கு நன்கு தெரிந்த ஏரியே போதும். சேமக்கலம் ஏரி, சூரியப் பலகை, நீர் கொண்டுவரும் வாய்க்கால்.

முதல் முறை நேரே இணைத்தல். நீர் உயரத்திலிருந்து பள்ளத்துக்கே பாயும். அதுபோலப் பலகையின் மின்னழுத்தம் சேமக்கலத்தின் அழுத்தத்தைவிட மிகுதியாய் இருந்தால்தான் மின்சாரம் கலத்துள் பாயும். ஈயக் கலம் ஒன்று 2 வோல்ட் என்ற கணக்கில் ஆறு சேர்ந்தால் 12 வோல்ட். ஆனால் முழுவதும் நிரப்ப 14.4 வோல்ட் வரை வேண்டும். சிலிக்கன் கலம் ஒன்று வேலை செய்யும்போது தருவது அரை வோல்ட் அளவே. எனவே 29 கலங்கள் போதும் என்று தோன்றும். ஆனால் பழைய 12 வோல்ட் பலகைகளில் 36 கலங்கள் இருப்பது வழக்கம். அதற்குக் காரணம் வெப்பம். சூடு ஒரு பாகை ஏறினால் ஒவ்வொரு கலமும் ஏறத்தாழ ஆயிரத்தில் இரண்டு வோல்ட் இழக்கும். நடுப்பகல் வெயிலில் பலகையின் சூடு 60 பாகையை எட்டினால், 18 வோல்ட் பலகை 15 வோல்ட் அளவுக்கு இறங்கிவிடும். அந்த இறக்கத்துக்கும் இடம் விட்டே 36 என்று வைத்தனர். வெப்ப நாட்டில் கலத்தைக் குறைத்த பலகையை வாங்குவோர், கடும் வெயிலிலும் சேமக்கலம் நிரம்பாதது கண்டு வருந்த நேரும்.

நேரே இணைப்பதில் இரு குறைகள் உண்டு. இரவில் ஏரி நீர் வாய்க்காலிலே திரும்பிச் செல்வதுபோல, மின்சாரம் சேமக்கலத்திலிருந்து பலகைக்குத் திரும்பிக் கசியும். இதைத் தடுக்க ஒரு திசையில் மட்டுமே மின்சாரத்தை விடும் டையோடு என்னும் சிற்றுறுப்பை வைத்தனர். மற்றொன்று, ஏரி நிரம்பிய பின்னும் நீர் வந்துகொண்டே இருத்தல். நிரம்பிய ஈயக் கலத்தில் மேலும் மின்சாரம் புகுந்தால் அமிலத்தில் உள்ள நீர் இரு வாயுக்களாகப் பிரிந்து வெளியேறும், நீர் வற்றும், தகடுகள் அழியும்.

இதற்கு இரு மருந்துகள் காணப்பட்டன. ஏரி நிரம்பியதும் மிஞ்சிய நீரைக் கலிங்கு வழியே வெளியேற்றுவதுபோல, மிஞ்சிய மின்சாரத்தை வேறு வழியில் திருப்பி வெப்பமாகக் கழிப்பது ஒன்று. வாய்க்காலின் வாயிலையே பலகையிட்டு அடைப்பதுபோல, மின்சாரத்தின் வரவைத் துண்டிப்பது மற்றொன்று. பின்னர் டிரான்சிஸ்டர் மலிந்தபோது, அவ்வாயிலை ஒரு நொடியில் பலநூறு முறை திறந்து மூடி, திறந்திருக்கும் நேரத்தைக் கூட்டியும் குறைத்தும் அளந்து விடும் முறை வந்தது. தொடக்கத்தில் முழு மின்னோட்டத்தையும் விடுவது, 14.4 வோல்ட்டை எட்டியதும் அவ்வழுத்தத்தை நிலைநிறுத்தி ஓட்டத்தைக் குறைப்பது, நிரம்பியபின் 13.6 வோல்ட் அளவில் காத்து நிற்பது என்னும் மூன்று படிகள் இதனால் இயன்றன.

நான்காவது முறை மிக நுட்பமானது. 100 வாட் பலகை 17.5 வோல்ட்டில் 5.7 ஆம்பியர் தருகிறது என்க. அதை நேரே 12 வோல்ட் கலத்தோடு இணைத்தால், பலகை கலத்தின் அழுத்தத்துக்கு இறங்கிவிடும். கிடைப்பது 70 வாட்டுக்குள்தான். இடையே மின்னழுத்தத்தை மாற்றும் கருவி ஒன்றை வைத்து, பலகை தன் உச்ச ஆற்றலைத் தரும் இடத்திலேயே அதை நிறுத்தினால், 12 வோல்ட்டில் 8 ஆம்பியர் அளவு பெறலாம். வெயில் மாற மாற அவ்விடமும் மாறும். கருவி அதைத் தேடித் தொடர வேண்டும். விண்கோள்களுக்காக இத்தகைய கருவியைப் பற்றி ஜெர்மன் அறிஞர் பெரிங்கர் 1968-இல் கட்டுரை எழுதினார். இன்று இது சாதாரண வீட்டுக்கும் வந்துவிட்டது. ஆயினும் 36 கலப் பலகை வெயிலில் சூடேறி 15 வோல்ட்டுக்கு இறங்கும் நாடுகளில் இதனால் வரும் ஆதாயம் குளிர் நாட்டினும் குறைவே. உயர் அழுத்தப் பலகைகளைக் கையாளும்போதுதான் அதன் முழுப் பயன் தெரியும்.

கடலும் பாலையும்

விண்ணிலிருந்து இக்கலை மண்ணுக்குத் திரும்பிய வழி கடல்வழி. ஜப்பானின் ஷார்ப் நிறுவனம் 1966-இல் நாகசாகி மாவட்டத்தின் ஒகாமித் தீவுக் கலங்கரை விளக்கத்துக்கு 225 வாட் பலகை அமைத்தது. அன்று அதுவே உலகில் பெரியது. 1970-களின் தொடக்கத்தில் அமெரிக்க வேதியியலார் எலியட் பெர்மன், விண்வெளிக்கெனச் செய்யும் தூய சிலிக்கனை விடுத்து மலிவான சிலிக்கனைக் கொண்டு, வாட்டுக்கு 100 டாலராக இருந்த விலையை 20 டாலர் அளவுக்கு இறக்கினார். கடல் மிதவை விளக்குகளும் எண்ணெய்க் கிணற்று மேடைகளும் அவற்றை வாங்கின. அங்கே படகில் சென்று உலர்கலத்தை மாற்றும் செலவே பலகையின் விலையை மிஞ்சியது. 1970-களின் பிற்பகுதியில் ஆஸ்திரேலியாவின் நடுப்பாலையில் தொலைபேசி நிலையங்கள் சூரியப் பலகையாலும் சேமக்கலத்தாலும் இயங்கத் தொடங்கின. அமெரிக்கஸ் ஊர்க் கம்பத்தில் கைவிடப்பட்ட எண்ணம் அங்கே வாழ்வு பெற்றது.

1991-இல் சோனி நிறுவனம் லித்தியம் அயனிக் கலத்தைச் சந்தைக்குக் கொணர்ந்தது. அதற்கு வழி வகுத்த குட்இனஃப், விட்டிங்காம், யோஷினோ மூவரும் 2019-இல் வேதியியல் நோபெல் பரிசு பெற்றனர். ஈயத்தைவிட எடை குறைந்த இக்கலம் அடிக்கடி நிரம்பி வடிவதைத் தாங்கும். ஆனால் கண்டிப்பும் மிகுதி. கோபால்ட் வகைக் கலம் ஒன்றுக்கு 4.2 வோல்ட் என்னும் எல்லையைத் தாண்டினால் தீப்பற்றவும் கூடும். ஆகையால் ஒவ்வொரு கலத்தையும் தனித்தனியே கண்காணிக்கும் மின்னணுக் காவல் அதற்கு இன்றியமையாதது.

திரும்பி வந்த விளக்கு

பலகையின் விலை இன்று வாட்டுக்கு ஒரு டாலருக்கும் வெகுவாகக் கீழே இறங்கிவிட்டது. மின்கம்பி எட்டாத சரவாக் உட்பகுதிகளின் நீள்வீடுகளுக்குச் சூரியப் பலகையும் சேமக்கலமும் வழங்கும் திட்டத்தை அம்மாநில அரசு 2016-இல் தொடங்கியது. வெப்பமும் ஈரமும் மிகுந்த நாட்டின் தொலைவிடங்களுக்கென்று சேப்பின் தேடத் தொடங்கிய பொருள், விண்ணையும் கடலையும் பாலையையும் சுற்றி, அறுபது ஆண்டுகள் கழித்து அத்தகைய காட்டுக்குள் வந்து சேர்ந்தது.

வந்து சேர்ந்தது நிலைக்க வேண்டுமாயின் ஒன்றை மறத்தல் ஆகாது. நன்கு செய்த சூரியப் பலகை இருபத்தைந்து ஆண்டு உழைக்கும். ஈயச் சேமக்கலமோ சில ஆண்டுகளே உழைக்கும். நாள்தோறும் அடிவரை வடிக்கப்பட்டும், முழுதும் நிரப்பப்படாமலும் கிடந்தால் தகடுகளில் ஈய சல்பேட்டு இறுகி, அச்சில ஆண்டும் சில மாதங்களாகும். மோட்டார் வண்டிக் கலத்தின் மெல்லிய தகடுகள் நொடிப்பொழுது பெருமின்சாரம் தரவே அமைந்தவை. அதை வீட்டு விளக்குக்குப் பூட்டினால் விரைவில் சாகும். செத்த கலத்தை உடைத்து அமிலத்தை மண்ணில் ஊற்றி ஈயத்தைத் திறந்த வெளியில் உருக்கினால், அந்நஞ்சு முதலில் தாக்குவது குழந்தைகளின் மூளையை. ஆகவே பழைய கலத்தை முறையாகத் திரும்பப் பெறும் ஏற்பாடும், கலத்தின் நீரையும் அழுத்தத்தையும் பார்க்கத் தெரிந்த ஓர் ஆளும் இல்லாத ஊரில், பலகையை மட்டும் கொண்டுபோய் நிறுத்துவது பாதி வேலையே.

ஏரி வெட்டிய முன்னோர், வெட்டியதோடு நின்றாரில்லர். மதகைக் காக்கவும் கரையைக் காக்கவும் ஆள் வைத்தனர். ஆண்டுதோறும் தூர் எடுக்க வழி செய்தனர். வெயிலைத் தேக்கும் இவ்வேரிக்கும் அக்காவல் வேண்டும். அது உள்ள ஊரில் விளக்கு எரியும். அது இல்லாத ஊரில் கூரைமேல் கண்ணாடி மின்ன, கீழே மண்ணெண்ணெய் விளக்கு திரும்பி வரும்.